"பெரியது போய்விட்டது, இனிமேல் சின்னதுதான்": இதை நம்பி வீட்டுக்குள் போகலாமா?

பதிவு 1 | தென்னங்கீற்று

வணக்கம். என் நாத்தனார் மகன் அடுத்த மாதம் படிப்புக்காக ஜப்பான் போகிறான். நேற்று தொலைபேசியில், "அத்தை, பெரிய நிலநடுக்கம் ஒன்று வந்துவிட்டால் அதற்குப் பிறகு வருவதெல்லாம் சின்னதாகத்தானே இருக்கும்?" என்று கேட்டான். எனக்குச் சட்டென்று பதில் வரவில்லை. 2016 ஏப்ரல் 15ஆம் தேதி இதே வாக்கியத்தை நானே ஒருவரிடம் சொல்லியிருக்கிறேன்.

அப்போது நாங்கள் ஜப்பானில், குமமோட்டோ நகரின் கிழக்கு விளிம்பில், மஷிகி ஊருக்குப் போகும் சாலையை ஒட்டிய பழைய மர வீடு ஒன்றில் குடியிருந்தோம். 14ஆம் தேதி வியாழக்கிழமை இரவு 9.26 மணி. பாத்திரம் கழுவிக்கொண்டிருந்தேன். அதிர்வு கீழேயிருந்து குத்தியது. யாரோ தரைக்கு அடியில் நின்று உலக்கையால் இடித்ததைப் போல் இருந்தது. அலமாரி சாய்ந்தது, விளக்கு அணைந்தது, உடுத்திய துணியோடு தொடக்கப் பள்ளி மைதானத்துக்கு ஓடினோம். அன்றிரவு முழுவதும் நீலத் தார்ப்பாயின் மேல் உட்கார்ந்திருந்தோம். சில நிமிடங்களுக்கு ஒருமுறை தரை உறுமியது.

மறுநாள் காலை தொலைக்காட்சியில் எல்லாம் தெளிவாகச் சொன்னார்கள். அளவு 6.5. மஷிகியில் அதிர்வுத் தீவிரம், அதாவது அந்த இடத்தில் தரை குலுங்கிய கடுமை, 7. ஜப்பானிய அளவுகோலில் அதற்கு மேல் எண்ணே கிடையாது. உயிரிழந்தவர்கள் 9 பேர். அடுத்த மூன்று நாளில் தீவிரம் '6 கீழ்' (ஆறாம் எண்ணின் கீழ்ப்படி) அல்லது அதற்கு மேற்பட்ட பின்னதிர்வு வர 20 விழுக்காடு வாய்ப்பு என்று வானிலை முகமை அறிவித்தது. எண்பது விழுக்காடு வராது என்று நாங்கள் படித்துக்கொண்டோம். மைதானத்திலிருந்து பலரும் வீடு திரும்பினார்கள். நாங்களும் திரும்பினோம்.

கண்ணாடிச் சில்லுகளைப் பெருக்கினேன். நிலநடுக்கத்தில் தானாக அடைத்துக்கொண்ட எரிவாயு மீட்டரின் பொத்தானை என் கணவர் அழுத்தினார். சிவப்பு விளக்கு சிமிட்டி முடிய மூன்று நிமிடம் காத்திருந்தோம். அடுப்பு எரிந்தது. சோறும் ரசமும் வைத்தேன். உயிர் திரும்பியது போல் இருந்தது.

ஒன்றே ஒன்றுதான் சரியாக இல்லை. வாசல் இழுப்புக் கதவு. முந்தாநாள் வரை ஒரு விரலால் தள்ளினால் ஓடும். அன்று தோளைக் கொடுத்துத் தள்ள வேண்டியிருந்தது. தண்டவாளத்தில் மெழுகுவர்த்தியைத் தேய்த்தோம். கதவில் குறை இல்லை, வீட்டின் சட்டமே சாய்ந்திருக்கிறது என்று எங்கள் இருவருக்கும் தோன்றவில்லை.

பக்கத்து வீட்டில் எழுபது வயது தாண்டிய பாட்டி ஒருவர் தனியாக இருந்தார். கனமான ஓடு வேய்ந்த பழைய வீடு. அவர் வீட்டுக் குளியலறைக் கதவும் திறக்கவில்லை. இழுத்துப் பார்த்துவிட்டு, இரண்டு மெத்தை விரிப்பை எடுத்துக்கொண்டு தம் காரில் படுக்கப் போனார். எங்கள் வீட்டுக்கு வரச் சொல்லி அழைத்தேன். "பெரியது போய்விட்டது பாட்டி, இனிமேல் சின்னதுதான்" என்றேன். அவர் தலையை ஆட்டிவிட்டுக் காரிலேயே இருந்துகொண்டார்.

16ஆம் தேதி விடியற்காலை 1.25க்கு 7.3 வந்தது. மெழுகு தேய்த்த கதவு சிக்கிக்கொண்டது. சமையலறை ஜன்னலை முக்காலியால் உடைத்து வெறுங்காலோடு குதித்தோம். பாட்டி வீட்டின் மாடி, கீழ்த்தளத்தின் மேல் அப்படியே உட்கார்ந்துவிட்டது. பாட்டி காருக்குள் உயிரோடு இருந்தார். அவர் போட்ட முகப்பு விளக்கின் வெளிச்சத்தில்தான் நாங்கள் தெருவுக்கு வழி கண்டுபிடித்தோம்.

நேரடியாக இறந்த 50 பேரில் 41 பேர் இந்த இரண்டாவது அதிர்வில் போனவர்கள். அவர்களில், முந்தின இரவு வெளியே தங்கி மறுநாள் வீடு திரும்பியவர்களும் உண்டு.

பையனுக்கு நான் என்ன சொல்வது? பயமுறுத்தாமலும், பொய் சொல்லாமலும் சொல்ல வேண்டும். விவரம் அறிந்தவர்கள் எழுதுங்கள்.


பதிவு 2 | கல்மேடு

அம்மா, படித்து முடித்ததும் கொஞ்ச நேரம் எதுவும் எழுதத் தோன்றவில்லை. முப்பது வருடம் கல்லூரியில் நிலவியல் கற்பித்தவன் நான். பாடத்தில் இதை ஒரு பக்கத்தில் முடித்துவிடுவோம்.

முன்னதிர்வு, முதன்மை அதிர்வு, பின்னதிர்வு என்ற மூன்று பெயரும் எல்லாம் ஓய்ந்த பிறகு வைப்பவை. நிலம் அப்படிப் பிரித்து அதிர்வதில்லை. ஒரு வீட்டில் மூத்தவன் யார் என்பது முதல் பிள்ளை பிறந்தவுடன் தெரிந்துவிடும். உயரமானவன் யார் என்பது எல்லோரும் வளர்ந்த பிறகே தெரியும். 'முதன்மை' என்பது உயரத்தைப் பார்த்து வைக்கும் பெயர். 14ஆம் தேதி வந்ததை ஒரு நாளுக்குச் சற்று மேல் 'முதன்மை' என்றார்கள். 16ஆம் தேதிக்குப் பிறகு அதுவே 'முன்னதிர்வு' ஆனது.

அளவில் 0.8 வித்தியாசம் சின்னதாகத் தெரியலாம். ஆற்றலில் அது ஏறத்தாழ பதினாறு மடங்கு. முதலில் அசைந்தது ஹினாகு பிளவு மண்டலத்தின் வடபகுதி. அதை ஒட்டி ஓடுகிறது ஃபுதாகாவா பிளவு மண்டலம். ஒன்று நழுவியதும் பக்கத்திலுள்ள பாறையில் அழுத்தம் இடம் மாறுகிறது. உடையும் தறுவாயில் இருந்த அடுத்த பிளவு பிறகு உடைந்தது.

அதிகாரிகள் ஏன் அப்படிச் சொன்னார்கள் என்றும் கேட்க வேண்டும். 1998இல் வகுத்த மதிப்பீட்டு முறை ஒன்று அவர்கள் கையில் இருந்தது. உள்நாட்டுப் பிளவில் 6.4க்கு மேல் ஒன்று வந்தால் அதை முதன்மை என்றே கொள்வது என்பது அதன் வழிமுறை. அதுவரை ஜப்பானில் பதிவானவை அந்தக் கணக்குக்குள் அடங்கியிருந்தன. குமமோட்டோ அடங்கவில்லை. ஒரே இடத்தில் தீவிரம் 7 இரண்டு முறை பதிவானது அந்த அளவுகோலின் வரலாற்றில் அதுவே முதல் தடவை.

'குறைந்துகொண்டே போகும்' என்பதற்கு ஓர் அடிப்படை உண்டு. 1891 அக்டோபர் 28 அன்று நோபி சமவெளியில் நிகழ்ந்த நிலநடுக்கத்தில் ஏழாயிரத்துக்கும் அதிகமானோர் மாண்டார்கள். அப்போது தரை ஆறு மீட்டர் உயரத்துக்கு எழும்பிய இடத்தை இன்றும் போய்ப் பார்க்கலாம். ஓமோரி ஃபுசாகிச்சி என்ற இளம் ஆய்வாளர் அதன் பின்னதிர்வுகளை எண்ணி 1894இல் ஒரு விதி சொன்னார்: நாள் ஏற ஏற அதே விகிதத்தில் எண்ணிக்கை இறங்கும். முதல் நாள் நூறு என்றால், பத்தாம் நாள் ஏறக்குறைய பத்து, நூறாம் நாள் ஒன்று. ஒரு நூற்றாண்டு கழித்து எண்ணியபோதும் நோபி அந்தக் கோட்டிலேயே போய்க்கொண்டிருந்தது. அருமையான விதிதான். ஆனால் அது எண்ணிக்கையைப் பற்றியது. நூறாம் நாள் வரும் அந்த ஒன்று சின்னதாகத்தான் இருக்கும் என்று ஓமோரி எங்கும் சொல்லவில்லை.


பதிவு 3 | அடைமழை

சென்னையிலிருந்து எழுதுகிறேன். இரண்டு சந்தேகம்.

சின்னச் சின்ன அதிர்வு வந்தால் நல்லது, உள்ளே இருக்கும் அழுத்தம் வெளியேறிவிடும் என்று ஒரு செய்தி எங்கள் குடியிருப்புக் குழுவில் சுற்றுகிறது. அது சரிதானா? இன்னொன்று, சீனாவில் முன்னதிர்வை வைத்தே ஒரு நகரத்தைக் காப்பாற்றினார்கள் என்று பள்ளியில் படித்திருக்கிறேன். அவர்களால் முடிந்தது மற்றவர்களால் ஏன் முடியாது?


பதிவு 4 | கல்மேடு

முதல் செய்தியைத் தயவுசெய்து யாருக்கும் அனுப்பாதீர்கள். ஓர் எண் ஏறினால் ஆற்றல் ஏறத்தாழ 32 மடங்கு ஏறுகிறது. 7 அளவுள்ள ஒன்று வெளிவிடும் ஆற்றலை 5 அளவுள்ளவற்றால் ஈடுகட்ட ஆயிரம் அதிர்வு வேண்டும். எந்த இடத்திலும் அப்படி வருவதில்லை.

நீங்கள் படித்தது ஹாய்செங். 1975 பிப்ரவரி 4, அளவு 7.3. அதற்கு முந்தின நாளிலிருந்தே சின்ன அதிர்வுகள் கொத்துக் கொத்தாக வந்தன. உள்ளூர் அதிகாரிகள் பல இடங்களில் மக்களைக் கடுங்குளிரில் வெளியே தங்க வைத்தார்கள். அப்படியும் ஏறத்தாழ 2,000 பேர் இறந்தார்கள். அதில் கணிசமானோர் தற்காலிகக் குடில்களில் குளிராலும் தீயாலும் இறந்தவர்கள். ஆனாலும் பெரும்பாலோர் பிழைத்தது உண்மை.

அடுத்த ஆண்டே, 1976 ஜூலை 28 அன்று, தாங்ஷான். அங்கே அப்படிப்பட்ட முன்னதிர்வு எதுவும் வரவில்லை. நகரம் தூங்கிக்கொண்டிருந்தது. அரசுக் கணக்கில் மட்டும் 2,42,000 பேர். அன்று மாலையே 7 அளவைத் தாண்டிய இன்னொன்று வந்து மிச்சத்தையும் சாய்த்தது. பெரும்பாலான பெரிய நிலநடுக்கங்கள் தாங்ஷான் போலத்தான், சொல்லிக்கொண்டு வருவதில்லை. மறுபக்கம், வருகிற சின்ன அதிர்வுகளில் பெரும்பாலானவை எதற்கும் முன்னோட்டமாக இருப்பதில்லை. கலிபோர்னியாவின் பதிவுகளை எடுத்தால், ஓர் அதிர்வுக்குப் பின் ஒரு வாரத்துக்குள் அதைவிடப் பெரியது வருவது நூற்றில் ஏறத்தாழ ஐந்துதான். எந்த ஐந்து என்பதை அதன் அலையைப் பார்த்துச் சொல்ல இன்றைக்கு யாராலும் முடியவில்லை.


பதிவு 5 | நெய்தல்

நான் ஒரு மாற்றுக் கருத்து சொல்கிறேன், தென்னங்கீற்று அக்கா கோபித்துக்கொள்ளக் கூடாது.

2015இல் நேபாளத்தில் நிவாரணப் பணியில் செவிலியாக இருந்தேன். ஏப்ரல் 25ஆம் தேதி 7.8. நான் போய்ச் சேர்ந்தபோது சிந்துபால்சோக் மாவட்டத்தில் வீடு நின்றவர்கள்கூட வெளியேதான் படுத்திருந்தார்கள். பச்சைக் குழந்தைகள், பிரசவித்து நாலு நாளான பெண்கள், தார்ப்பாய்க்குக் கீழே ஈரத் தரையில். வயிற்றுப்போக்கும் நெஞ்சுச் சளியும்தான் நான் தினமும் பார்த்தவை. "பின்னதிர்வு மெல்லக் குறைந்துவிடும்" என்று சொல்லித்தான் பலரைக் கொஞ்சமாவது தூங்க வைத்தோம். அந்தச் சொல் அவர்களுக்கு மருந்தாக இருந்தது. 'இதைவிடப் பெரியது வரலாம்' என்று சொல்லியிருந்தால் அந்தத் தாய்மார்கள் எங்கே போயிருப்பார்கள்? போக இடம் ஏது?

பதினேழு நாள் கழித்து, மே 12 நண்பகலில், 7.3 வந்தது. இருநூறுக்கும் மேற்பட்டோர் இறந்தார்கள். முகாமுக்கு எதிரே, விரிசல் விட்ட ஒரு கல் வீட்டில் அரிசி எடுக்கப் போன ஒருவரை அன்று நான் தூக்கினேன். ஆகவே அக்கா சொல்வது எனக்குப் புரியாமல் இல்லை. ஆனால் வெளியே இருக்கச் சொல்வதும் ஆளைக் கொல்லும். அதையும் கணக்கில் எடுக்க வேண்டும்.


பதிவு 6 | தென்னங்கீற்று

கோபம் ஏன் வரப்போகிறது தங்கச்சி? நீங்கள் சொல்வதை நான் குமமோட்டோவிலேயே கண்ணால் பார்த்தேன்.

16ஆம் தேதிக்குப் பிறகு எவரும் கூரைக்குக் கீழே போக ஒப்பவில்லை. ஒரு கட்டத்தில் முகாம்களில் இருந்தவர்கள் மட்டும் 1,80,000 பேருக்கு மேல். அதற்கு வெளியே கார்களில் தூங்கியவர்கள் கணக்கில் வராதவர்கள். முழங்காலை மடக்கி நாள்கணக்கில் காரில் கிடந்தவர்களுக்குக் காலில் இரத்தம் உறைந்து நுரையீரலில் போய் அடைத்தது. கழிப்பறைக்குப் போக வெட்கப்பட்டுத் தண்ணீரைக் குறைத்த பெண்களுக்கு அது அதிகம் என்று மருத்துவர்கள் ஒவ்வொரு காராகத் தட்டிச் சொன்னார்கள். எங்கள் பாட்டியையும் இரண்டு மணி நேரத்துக்கு ஒருமுறை கையைப் பிடித்து நடக்க வைத்தோம். நேரடியாக இறந்தவர்கள் 50 பேர். அதன் பிறகு நோயாலும் களைப்பாலும் இறந்து, நிலநடுக்கத்தால் வந்த சாவு என்று அரசு ஏற்றுக்கொண்டவர்கள் இருநூறுக்கும் மேல். ஒரு வருடத்தில் உணரக்கூடிய அதிர்வுகள் மட்டும் நாலாயிரத்தைத் தாண்டின. அத்தனை முறையும் உடம்பு எழுந்து ஓடத் தயாரானது.

எனக்கு வேண்டியதெல்லாம், வார்த்தை பொய் சொல்லக் கூடாது என்பதுதான். ஜப்பானியத்தில் பின்னதிர்வுக்கு 'யோஷின்' என்று பெயர். 'மிச்ச அதிர்வு' என்று அர்த்தம். மிச்சம் என்று கேட்டதும் மனது இளகிவிடுகிறது. குமமோட்டோவுக்குப் பிறகு, 2016 ஆகஸ்டில், அங்கே அறிவிப்பின் வாசகத்தையே மாற்றினார்கள். பெரிய அதிர்வு வந்தவுடன் தரும் அறிவிப்பில் 'யோஷின்' என்ற சொல் இப்போது வருவதில்லை. 'இன்னும் ஒரு வாரத்துக்கு, குறிப்பாக முதல் இரண்டு மூன்று நாள்களில், இதே அளவு குலுக்கல் மறுபடி வரலாம்' என்று சொல்கிறார்கள். இதில் பயமுறுத்தல் இல்லை. கெடுவும் இருக்கிறது. அந்த ஒரு வாக்கியம் 15ஆம் தேதி என் காதில் விழுந்திருந்தால் நான் ரசம் வைத்திருப்பேன், ஆனால் அங்கே படுத்திருக்க மாட்டேன்.


பதிவு 7 | ஊசிப்பாறை

இத்தாலியின் லாக்விலா நினைவுக்கு வருகிறது. 2009இல் மாதக்கணக்கில் சின்ன அதிர்வுகள். மார்ச் 31 அன்று வல்லுநர் குழு கூடியது. அதையொட்டி அதிகாரி ஒருவர், ஆற்றல் வெளியேறிக்கொண்டே இருப்பதால் இது சாதகமான நிலைமைதான் என்ற பொருளில் தொலைக்காட்சியில் பேசினார். அடைமழை அவர்களின் குடியிருப்புச் செய்தி அங்கே அரசாங்கக் குரலில் ஒலித்திருக்கிறது. ஏப்ரல் 6 விடியற்காலை 3.32க்கு 6.3 வந்தது. 309 பேர்.

அந்த ஊரில் பரம்பரையாக ஒரு வழக்கம் இருந்தது. இரவில் தரை ஆடினால் வீட்டைப் பூட்டிக்கொண்டு சதுக்கத்தில் போய் உட்கார்ந்துகொள்வார்கள். அன்றிரவும் முன்னதாக இரண்டு அதிர்வு வந்தது. தாத்தா காலத்து வழக்கத்தை விட்டுவிட்டு, தொலைக்காட்சியை நம்பி வீட்டிலேயே இருந்தோம் என்று பிழைத்தவர்கள் நீதிமன்றத்தில் சொன்னார்கள். 2012இல் ஏழு பேருக்கு ஆறு ஆண்டு சிறை விதிக்கப்பட்டது. 2014இல் மேல்முறையீட்டில் ஆறு விஞ்ஞானிகள் விடுதலையானார்கள், அந்த அதிகாரியின் தண்டனை இரண்டு ஆண்டாகக் குறைந்தது.

விஞ்ஞானிகள் முன்கூட்டிச் சொல்லவில்லை என்று வழக்குப் போட்டதாக உலகம் முழுக்கப் பேசினார்கள். எனக்கு அந்தப் பேச்சில் உடன்பாடில்லை. வராது என்று தைரியம் சொன்னதைத்தான் அந்தக் குடும்பங்கள் கேள்வி கேட்டன. நெய்தல் சொல்லும் 'மருந்து' எந்த இடத்தில் நஞ்சாகிறது என்பதற்கு இதைவிட நல்ல உதாரணம் எனக்குத் தெரியவில்லை.


பதிவு 8 | கல்மேடு

ஊசிப்பாறை சொன்னதோடு நோட்டோவையும் சேர்த்துக்கொள்ளுங்கள். ஜப்பானின் அந்தத் தீபகற்பத்தில் 2020 கடைசியிலிருந்து அதிர்வுத் திரள் ஓயவே இல்லை. 2023 மே 5இல் 6.5 வந்தது, வர வேண்டியது இதுதான் என்று பலர் நினைத்திருக்கக் கூடும். 2024 புத்தாண்டு அன்று மாலை 4.06க்கு 5.5. நாலே நிமிடம் கழித்து 7.6. அந்த நாலு நிமிடத்தில் வெளியே வந்து நின்றவர்கள் இருக்கிறார்கள், விழுந்த சாமானை எடுத்து வைக்கக் குனிந்தவர்களும் இருக்கிறார்கள்.

2011ஐயும் சொல்லாமல் இருக்க முடியவில்லை. மார்ச் 9இல் வடகிழக்கு ஜப்பானின் தோஹோகு கடலில் 7.3. சிறிய ஆழிப்பேரலை வந்து போனது. இரண்டு நாள் கழித்து 9.0. இதை மனதில் வைத்துத்தான் அந்தக் கடற்பகுதிக்கு 2022 டிசம்பரிலிருந்து தனி அறிவிப்பு முறை வந்திருக்கிறது. 7 அல்லது அதற்கு மேல் ஒன்று வந்தால், அதைவிடப் பெரியது தொடரலாம் என்று ஒரு வாரம் எச்சரிக்கை. வாய்ப்பு நூற்றில் ஒன்று என்பதையும் மறைக்காமல் சொல்கிறார்கள்.

2024 ஆகஸ்ட் 8இல் ஹியுகா கடலில் 7.1 வந்தபோது, பெரிய நிலநடுக்கம் எதிர்பார்க்கப்படும் நன்காய் என்ற கடலடி அகழிக்காக அதே மாதிரி ஒரு வாரம் எச்சரிக்கை இருந்தது. எதுவும் வரவில்லை. 15ஆம் தேதி மாலை முடித்துக்கொண்டார்கள். சிலர் சலித்துக்கொண்டார்கள். எனக்கென்னவோ அந்த வாரம் ஒழுங்காகவே நடந்ததாகத் தோன்றியது.


பதிவு 9 | அடைமழை

செய்தியை நான் யாருக்கும் அனுப்பவில்லை. இன்று காலை குழுவில் மறுப்பும் எழுதிவிட்டேன்.

2012 ஏப்ரல் 11 எனக்கு நினைவிருக்கிறது. சென்னையில் நாலாவது மாடி அலுவலகம். பிற்பகல் இரண்டு மணி சுமாருக்குத் தண்ணீர்க் குவளை ஆடியது. படிக்கட்டில் இறங்கி வெளியே நின்றோம். சுமத்ராவுக்கு அப்பால் 8.6 என்றார்கள். 2004ஐ நினைத்து மெரினாவிலிருந்து ஆட்களை வெளியேற்றினார்கள். ஒரு மணி நேரத்தில் நாங்களெல்லாம் மேலே போய் வேலையைத் தொடர்ந்தோம். அப்புறம் 4.13க்கு 8.2 வந்தது. பிளவு பக்கவாட்டில் நழுவியதால் இரண்டுமே பெரிய ஆழிப்பேரலையை எழுப்பவில்லை என்று பிறகு படித்தேன். ஒரு 8.2க்கே 'பின்னதிர்வு' என்று பெயர் வைத்திருந்தார்கள். இன்று வரை அதை 'சின்னது' என்றே நினைத்துக்கொண்டிருந்தேன்.


பதிவு 10 | நெய்தல்

ஒரு வாரம் என்று கெடு சொல்வதை நான் ஏற்றுக்கொள்கிறேன். நேபாளத்தில் பதினேழாம் நாள் வந்தது என்பதையும் வைத்துக்கொண்டே ஏற்றுக்கொள்கிறேன். தேதி இல்லாத பயத்தோடு ஒரு தாய் பிள்ளைக்குப் பால் கொடுக்க முடியாது. ஆனால் ஏழு நாள் வெளியே படு என்று பொதுவாகச் சொல்வதைவிட, எந்த வீட்டுக்குள் படுக்கக் கூடாது என்று சொல்வது எங்களைப் போன்றவர்களுக்குப் பயன்படும். அக்கா, அந்தக் கதவைப் பற்றி இன்னும் எழுதுங்கள்.


பதிவு 11 | தென்னங்கீற்று

தங்கச்சி சொன்னதும்தான் என் கடிதத்தை எங்கே தொடங்குவது என்று புரிந்தது. பையனுக்கு இன்றிரவு அனுப்பப் போவது இது. தவறு இருந்தால் கல்மேடு ஐயா திருத்துங்கள்.

"கண்ணா, பெரிய அதிர்வு ஒன்று வந்து நீ நன்றாக இருந்தால், முதலில் அம்மாவுக்குச் செய்தி அனுப்பு. அப்புறம் வீட்டைச் சுற்றி வா. ஒவ்வொரு கதவையும் ஜன்னலையும் திறந்து மூடிப் பார். நேற்று ஓடிய கதவு இன்று உரசினால் அந்த வீடு கோணலாகிவிட்டது. அங்கே சமைக்கலாம் என்றுகூட நினைக்காதே, சான்றிதழும் மடிக்கணினியும் எடுக்க உள்ளே போகாதே. கட்டடத்தில் ஆய்வாளர்கள் காகிதம் ஒட்டுவார்கள். சிவப்பு என்றால் நுழையாதே, மஞ்சள் என்றால் தனியாக நுழையாதே. அறை எடுக்கும்போதே கட்டடம் 1981க்குப் பிறகு கட்டியதா என்று கேள். அந்த ஆண்டு ஜூனில் விதி கடுமையானது. மர வீடாக இருந்தால் 2000க்குப் பிறகு கட்டியது இன்னும் நல்லது.

வீடு நேராக நின்றால் உள்ளே தூங்கு. ஆனால் ஒரு வாரத்துக்கு, வந்ததைப் போலவே இன்னொன்று வரும் என்று வைத்துக்கொண்டு தூங்கு. தலைமாட்டில் அலமாரி வேண்டாம். காலணி கைக்கெட்டும் தூரத்தில் இருக்கட்டும். நானும் மாமாவும் அன்று வெறுங்காலோடு கண்ணாடியில் குதித்தோம், என் பாதத்தில் இன்னும் தழும்பு இருக்கிறது. காரில் தூங்க நேர்ந்தால் தண்ணீர் குடி, இறங்கி நட. 'இனிமேல் சின்னதுதான்' என்று யார் சொன்னாலும், அத்தையே சொன்னாலும், பதிலுக்குச் சண்டை போடாதே. நீ போய்க் கதவைத் தள்ளிப் பார்."


பதிவு 12 | கல்மேடு

திருத்த ஒன்றுமில்லை அம்மா. ஒன்று மட்டும் சேர்க்கலாம். காலணியை ஒரு பையில் போட்டு வாயைக் கட்டிக் கட்டில் காலோடு முடிந்து வைக்கச் சொல்லுங்கள். வெறுமனே கீழே வைத்தால் குலுக்கலில் அறையின் மறுமூலைக்குப் போய்விடும், உள்ளே கண்ணாடிச் சில்லும் விழுந்திருக்கும்.


பதிவு 13 | தென்னங்கீற்று

சேர்த்து அனுப்பிவிட்டேன். பையன் உடனே கூப்பிட்டான். போய்ச் சேரும் விடுதி 1978இல் கட்டியதாம். மாற்றித் தர முடியுமா என்று நாளைக் காலையில் கேட்டு எழுதுகிறான்.